எண்ணெய்த் தாளில் வந்த பெயர்

என் அப்பா பஹ்கத் அஸ்ரான் எழுதாதது என்று பார்த்தால் மருந்துச்சீட்டு ஒன்றுதான். அதையும் ஒருமுறை ஆஸ்பத்திரி சீரியலில் எழுதினார். நடிகர் வாசித்த மாத்திரையின் பெயரை ஓர் அம்மாள் துண்டுத்தாளில் குறித்துக்கொண்டு மருந்துக்கடைக்குப் போய், அப்படி ஒரு மாத்திரையே உலகத்தில் இல்லை என்று சொன்ன கடைக்காரரோடு சண்டை போட்டிருக்கிறாள். அப்பாவுக்கு அதில் ஒரே பெருமை.

வாலிபத்தில் கெய்ரோ வானொலிக்கு ஐந்து நிமிட நாடகம் எழுதினார். மதியச் சமையல் நேரத்தில் வரும். தினமும் யாராவது அழவேண்டும். வெங்காயம் நறுக்குகிறவர்கள் கூடவே அழுதுவிடுவார்கள், பாதி வேலை மிச்சம் என்பார். பிறகு குழந்தைகளுக்குப் பொம்மலாட்டம். பிறகு பெருநாள் சினிமாக்கள்: ஒரு நாட்டியக்காரி, ஒரு கத்திக்குத்து, ஒரு கல்யாணப் பாட்டு. பிறகு சுல்தான்கள், போலீஸ்காரர்கள், பேய்கள், நெய் விளம்பரம். மெக்சிகோ நாட்டு சீரியலுக்கு அரபி வசனமும் அவர்தான். அதில் ஒருத்தி முன்னூறு எபிசோடு கர்ப்பமாக இருந்தாள்.

"பஹ்கத், உனக்கு எழுதத் தெரியாதது ஏதாச்சும் இருக்காய்யா?" என்று தயாரிப்பாளர் ரவூஃப் ஒருமுறை கேட்டார்.

"'மாட்டேன்'னு எழுதத் தெரியாது பாஷா."

எல்லோரும் சிரித்தார்கள். அம்மா மட்டும் சிரிக்கவில்லை. அம்மா நர்ஸ். சம்பளம் ஒழுங்காக வருகிற ஒரே ஆள்.

அப்பாவின் தாள்களைத் தட்டச்சு செய்வது நான்தான்; என் பங்குக்கு நானும் எழுதியிருக்கிறேன். ஒரு சரித்திரத் தொடரில், கோட்டையை முற்றுகையிடப் போகும் தளபதி வசனத்தின் நடுவே "எல்லோருக்கும் கொஷரிச் சோறு சொல்லுங்கள், வெங்காயம் தூக்கலாக" என்று ஒரு வரி தட்டிச் சேர்த்துவிட்டேன். அந்த நடிகர் அதையும் வாளை உயர்த்திக் கம்பீரமாகப் பேசினார். இயக்குநருக்கு உறைக்கச் சற்று நேரமானது. அப்பா என்னை அடிக்கவில்லை. "வெங்காயம் தூக்கலா, அது நல்லா இருந்துது வாலு" என்றார். பள்ளிக்கூடத்தில் எனக்குக் கிடைக்காத மதிப்பெண் அது. பள்ளிக்கூடமும் நானும் அதற்குள் பிரிந்திருந்தோம்.

ரமலான் சீரியல்தான் இந்தத் தொழிலின் அறுவடை. முப்பது எபிசோடு. பாதி எழுதும்போதே படம் பிடிப்பார்கள், பாதி பிடிக்கும்போதே ஒளிபரப்பிவிடுவார்கள். கடைசி வாரத்தில் அப்பா எழுதிய தாள் சூடு ஆறுவதற்குள் நடிகர் கையில் இருக்கும். அந்த அவசரத்தில் கதாபாத்திரங்களுக்குப் பெயர் வைக்க அவருக்கு ஒரு வழி இருந்தது. பத்திரிகையின் மரண அறிவித்தல் பக்கம். தடித்த எழுத்தில் இறந்தவர் பெயர் இருக்கும். கீழே, இன்னாரின் சகோதரர், இன்னாரின் மாமனார், இன்ன இலாகா பொறியாளரின் சித்தப்பா என்று வண்டி வண்டியாக உயிரோடு இருப்பவர்கள். அப்பா தடித்த எழுத்தைத்தான் எடுப்பார்.

"செத்தவன் வக்கீல் வைக்க மாட்டான்" என்பார்.

அந்த வருடம் ரமலானுக்கு முன் ஒரு காலை, தெருமுனைக் கடையிலிருந்து வந்த தமிய்யா வடைப் பொட்டலம் மிகப் பழைய பத்திரிகைத் தாளில் இருந்தது. அப்பா வடையைத் தட்டில் கொட்டிவிட்டுத் தாளை வெளிச்சத்தில் பிடித்தார். வடை ஆறிப்போனது.

"வாலு, இதைப் படி."

"எண்ணெய்தான்பா தெரியுது."

"கீழே படிடி."

'துரோகத்துக்குப் பலியான' என்று இருந்தது. தடித்த பெயர் எண்ணெயில் கரைந்துவிட்டது. அதற்கடுத்த வார்த்தையும் போய்விட்டது. சுத்தமாக இருந்தது ஒரே பெயர்: ரஸ்லான் ஹர்பி அபூ தாஹிர். அடியில், 'இரங்கல் இன்று மாலை ஏற்கப்படும்.'

"கொலைச்சாவு. தெக்கத்தி ஸயீத்காரங்க" என்றார் அப்பா. குரல் இறங்கிவிட்டது. "பழி வாங்காம அவங்க துக்கப் பந்தல் போட மாட்டாங்க. யார் கையையும் பிடிச்சு இரங்கல் வாங்க மாட்டாங்க. இங்க ஒருத்தன் வாங்கியிருக்கான், பேப்பர்ல வேற போட்டிருக்கான். ஊரே துப்பியிருக்குமே. ஏன் வாங்கினான்? இதுல முப்பது எபிசோடு இருக்குடி."

"அது செத்தவர் பேரா, கூடப் பிறந்தவர் பேரா?"

"இதானே தெரியுது. இதான் இருக்கும்."

அவ்வளவுதான் நடந்தது.

சீரியல் முதல் வாரத்திலேயே பிடித்துக்கொண்டது. கதாநாயகன் ரஸ்லான். தம்பியைக் கொன்றுவிட்டார்கள், ஆனால் அவன் பந்தல் போட்டு இரங்கல் வாங்குகிறான். கொன்றவனே பந்தலுக்கு வருகிறான், உட்காருகிறான், துக்கவீட்டுக் கசப்புக் காபியை உறிஞ்சிவிட்டுச் சொல்கிறான்: "காபி கசக்கவே இல்லையே ரஸ்லான். சர்க்கரை போட்டியா?"

மறுநாள் கெய்ரோ முழுக்க அதே பேச்சு. மைதானத்தில் பந்தை விட்டவனிடம் 'சர்க்கரை போட்டியா' என்று கேட்டார்கள். பெண்டாட்டிக்கு அடங்கினவனிடம் கேட்டார்கள். டுக்டுக் முதுகில் ஸ்டிக்கர் ஒட்டினார்கள். எங்கள் ஃபைசல் தெருவில் ஏழெட்டு மாடி உயரத்துக்கு அந்த நடிகரின் முகம், கையில் காபிக் கோப்பையோடு.

ரமலான் பாதி கடந்த ஒரு மாலை, நோன்பு திறக்கக் கொஞ்ச நேரம் இருக்கும்போது கதவு தட்டப்பட்டது. நான்தான் திறந்தேன். சாம்பல் நிற ஜலாபிய்யா அங்கி, தலைப்பாகை, ஆறு மாடி ஏறிய மூச்சு.

"யாரு வேணும்?"

"உஸ்தாத் பஹ்கத். ரஸ்லான் ஹர்பி வந்திருக்கேன்னு சொல்லும்மா."

எவனோ அப்பாவுக்கு வேடிக்கை காட்ட ஆள் அனுப்பியிருக்கிறான் என்று நினைத்தேன். இடுப்பில் கைவைத்து, அந்த வில்லன் குரலிலேயே கேட்டேன்: "சர்க்கரை போட்டியா ரஸ்லான்?"

அவர் கோபப்படவில்லை. உள்பையிலிருந்து அடையாள அட்டையை எடுத்து என் கண்ணுக்கு நேராகப் பிடித்தார். ரஸ்லான் ஹர்பி அபூ தாஹிர். இம்பாபா.

"இங்கயும் கேட்டாச்சு" என்றார்.

அப்பா அவரை உட்காரவைத்தார். நோன்பு திறக்கும் பீரங்கிச் சத்தம் கேட்டதும் "எடுங்க ஹாஜி" என்று பேரீச்சம்பழத் தட்டை நீட்டினார். ஹாஜி ஒன்றே ஒன்று எடுத்தார். இம்பாபாவில் கரும்புச்சாற்றுக் கடை வைத்திருக்கிறாராம். கைகளில் இயந்திரம் கடித்த பழைய தழும்புகள்.

"கேட்டுக்கிடுங்க உஸ்தாத். செத்தது நானில்ல. என் தம்பி நூபி. அவன் மகன் ஃபவ்வாஸ் அன்னைக்குக் கைக்குழந்தை. நான் பழி எடுத்தா, அவங்க இவனை எடுப்பாங்க. பால்குடி பிள்ளையைப் பாத்தேன், பந்தல் போட்டுட்டேன். இரங்கல் வாங்கிட்டேன். எங்க ஊர்ல ஒருத்தன் என் முகத்துல முழிக்கல. பிள்ளையைத் தூக்கிக்கிட்டு, அவன் தாயையும் கூட்டிக்கிட்டு ரயிலேறிட்டேன். அவங்கப்பன் லாரியில அடிபட்டுப் போனான்னு சொல்லி வளத்தேன். பதினெட்டு வருசம் லாரிதான்."

அப்பாவின் வாயில் பேரீச்சம்பழம் அப்படியே இருந்தது.

"இப்ப டி.வி. வந்து சொல்லிட்டுது" என்றார் ஹாஜி.

"அவன் என்ன சொல்றான்?"

"ஒண்ணும் சொல்லல. அதான் வந்தேன். கடைக்கு வாரான், கரும்பு போடுதான். நோன்பு திறக்க உக்காந்தா தண்ணியோட எழுந்திருதான். போன வாரம் மோட்டார் சைக்கிளை வித்துட்டான். அந்தப் பணத்துல என்னத்த வாங்கினான்னு நான் கேக்கல, அவன் சொல்லல."

"என்கிட்ட என்ன எதிர்பார்க்கறீங்க ஹாஜி?"

"அவன் கடைசி எபிசோடுக்குக் காத்திருக்கான். எங்க வீட்டுக்கதை உங்களுக்கு எல்லாம் தெரியும்னு நம்புதான். பேரு சரி, பந்தல் சரி. கொன்னவன் யாருன்னும் உங்களுக்குத் தெரியுமாம். நாடகத்து ரஸ்லான் என்ன செய்யுதானோ அதைத்தான் இவனும் செய்வான். நாடகத்து ரஸ்லான் சுட்டான்னு எழுதாதீங்க உஸ்தாத். விட்டுட்டு வீட்டுக்கு வந்து, சோறு தின்னான்னு எழுதுங்க. கேவலமா இருந்தாலும் எழுதுங்க."

"ஆகட்டும் ஹாஜி" என்றார் அப்பா.

ஹாஜி போய் அரைமணி நேரத்தில் ரவூஃப் ஃபோன் செய்தார். "கடைசி எபிசோடுல ரயில் நிலையத்துல வச்சுச் சுடறான். கொன்னவனோட மகனை. நிலையத்துக்கு அனுமதி வாங்கியாச்சு. எழுதி அனுப்பு ராஜா."

"ஆகட்டும் பாஷா" என்றார் அப்பா.

"ரெண்டு பேருக்கும் ஆகட்டும்னா எப்படிப்பா ஆகும்?" என்று கேட்டேன்.

"போடி, போய் சூப்பைக் குடி."

மறுநாள் மாலை ஃபவ்வாஸ் வந்தான். மாடிக்கு வரவில்லை. எதிர்ப்பக்கம், அந்த நடிகரின் பெரிய முகத்துக்குக் கீழே நின்று எங்கள் ஜன்னலைப் பார்த்தான். ஒல்லியான பையன், தோளில் ஒரு துணிப்பை. எபிசோடு முடியும்வரை நின்றான், போய்விட்டான். அதற்கு மறுநாளும் வந்தான். அப்பா திரைச்சீலையைச் சாத்தினார். பிறகு தானே போய் ஓரமாக விலக்கிப் பார்த்தார்.

மூன்றாம் தடவை நான் கீழே இறங்கிப் போனேன். எனக்குப் பயம் வந்தால் வாய் நீண்டுவிடும்.

"என்னண்ணே, போஸ்டருக்குக் காவலா? சம்பளம் உண்டா?"

அவன் என்னைப் பார்த்தான். கண்ணுக்குக் கீழே தூக்கமில்லாத கறுப்பு.

"எங்கப்பாவைக் கொன்ன ஆள் பேரு உங்கப்பாவுக்குத் தெரியும்ல?"

"எங்கப்பாவுக்கு மாவரைக்கிறவன் பேரே தெரியாது. உங்க பெரியப்பா பேரு தமிய்யா மடிச்ச தாள்ல வந்துது. சத்தியமா. எண்ணெய் சொட்டிச்சு."

"ஏழாவது எபிசோடுல அந்த விதவை தினம் சாயங்காலம் புருசன் செருப்பை எடுத்து வாசல்ல வைப்பா" என்றான். "எங்கம்மா சாகற வரைக்கும் அப்படித்தான் வச்சா. அதுவும் எண்ணெய்த் தாள்ல இருந்துதா?"

மாடியேறிப் போனேன். அப்பாவிடம் வந்து கேட்டேன். அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"செலவில்லாம ஒரு சீன் வேணும்னு இயக்குநர் கேட்டார்டி. செருப்பு வீட்டுல இருந்தே எடுத்துட்டுப் போனோம். என்னோடதுதான்."

அன்று ரவூஃபுக்கு அவரே ஃபோன் செய்தார். நான் பக்கத்தில் இருந்தேன்.

"பாஷா, கடைசியில சுடாம விட்டா என்ன?"

"விட்டா விளம்பரக்காரங்க என்னைச் சுடுவாங்க."

"நிஜமாவே ஒரு ரஸ்லான் இருக்கார். நிஜமாவே ஒரு பையன் இருக்கான். கீழேதான் நிக்கறான்."

"அடடே! பேட்டிக்கு வருவாங்களா?"

அப்பா ஃபோனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தார், அதில் ஏதோ ஒட்டிக்கொண்ட மாதிரி. மறுபடி வைத்தார்.

"நான் எழுத மாட்டேன் பாஷா."

ரவூஃப் மெதுவாகத்தான் பேசினார். "சரி ராஜா. ஓய்வெடு. நல்லா ஓய்வெடு." அவர் அலுவலகத்தில் எழுதுகிற பையன்கள் மூன்று பேர் இருந்தார்கள். மறுநாள் மதியத்துக்குள் எழுதி முடித்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்டோம்.

கடைசி எபிசோடு வந்தது. நோன்பு திறந்த தட்டுகள் மேசையில் அப்படியே இருந்தன. அம்மாவுக்கு மாலை ஷிஃப்ட். ரயில் நிலையத்தில் அந்த நடிகர் துப்பாக்கியை எடுத்தார். கொன்றவனின் மகன் படியில் உருண்டு விழுந்தான். அதையே மூன்று கோணத்தில் காட்டினார்கள். அக்கம்பக்கத்து வீடுகளில் கைதட்டினார்கள். யாரோ ஒரு பெண் குலவையிட்டாள். அப்பா திரையைப் பார்க்கவே இல்லை.

"நிக்கறானா பார்."

ஜன்னலைத் திறந்தேன். போஸ்டருக்குக் கீழே யாரும் இல்லை. இத்தனை நாளும் அவன் நின்றது பயமாக இருந்தது. இன்று அந்த வெற்று இடம் அதைவிடப் பயமாக இருந்தது.

கதவு தட்டப்பட்டது.

ஃபவ்வாஸ் துணிப்பையை மார்போடு பிடித்துக்கொண்டு நின்றான். உள்ளே வந்து, சொல்லாமலே உட்கார்ந்தான்.

"இது நீங்க எழுதினது இல்ல" என்றான்.

"எப்படித் தெரியும்?"

"இவ்வளவு நாளும் எங்க வீடு தெரிஞ்சுது. இன்னைக்கு சினிமா தெரிஞ்சுது. நீங்க எழுதின முடிவு எது? அந்த ஆள் பேரு என்ன?"

அப்பா என்னைத் தண்ணீர் எடுக்கிற சாக்கில் உள்ளே இழுத்துப் போனார். அன்றைய பத்திரிகையை விரித்தார்.

"தடித்த எழுத்துல ஒருத்தரைச் சொல்லிடறேன் வாலு. இவன்தான் கொன்னவன், நேத்துதான் செத்தான்னு சொல்லிடறேன். முடிஞ்சுதுல்ல? எண்ணெயே இல்ல பார், சுத்தமான பேரு."

நான் கீழே உள்ள பொடி எழுத்தைக் காட்டினேன். "செத்தவருக்குப் பிள்ளைங்க இருக்காங்கப்பா. வரிசையா போட்டிருக்கு. என்ன வேலை, எந்த ஊரு, எல்லாமே."

அப்பா பத்திரிகையை மடித்தார். மடித்து, மடித்து, கைக்கடக்கமாக ஆகும்வரை மடித்தார். பிறகு வெளியே போய் அவன் எதிரில் உட்கார்ந்தார்.

"பேரு கிடையாது தம்பி. எனக்குத் தெரியாது. எனக்கு ஒண்ணுமே தெரியாது. உங்க வீட்டை ஒரு எண்ணெய்த் தாளை வச்சுத் திருடினேன். செருப்பு என்னோடது."

"பெரியப்பா சொல்லக்கூடாதுன்னு சொன்னாரா?"

"அவரு அந்தப் பேரை வாய்க்குள்ளயே வச்சு உன்னை வளத்தார். அவருகிட்டயும் கேக்காதே."

"நீங்க பொய் சொல்றீங்க" என்றான் ஃபவ்வாஸ், மரியாதையாகவே. பையின் வாயைச் சுருக்கிப் பிடித்தான். "ரெண்டாம் பாகம் வருமா? அதுல சொல்வீங்களா?"

ரவூஃப் இனி அப்பாவை லிஃப்டில் பார்த்தால்கூட ஸலாம் சொல்ல மாட்டார். இரண்டாம் பாகமாவது ஒன்றாவது. நான் வாயைத் திறந்தேன். அப்பா மேசைக்கடியில் என் காலை மிதித்தார்.

"எழுதிட்டிருக்கேன்" என்றார். "வியாழக்கிழமை வா. முதல் எபிசோடு வாசிச்சுக் காட்டறேன். அதுவரைக்கும் எதுவும் பண்ணாதே. கதை உனக்கே முழுசாத் தெரியாது."

அவன் வந்தான். அதற்கடுத்த வியாழனும் வந்தான்.

ஒரே ஒருவனுக்காக எழுதப்படும் சீரியல் இந்த நாட்டில் அதுவாகத்தான் இருக்கும். பகலில் அப்பா கல்யாண மண்டபங்களுக்கு வாழ்த்து, பல்பொடிக்கு விளம்பரம், ஒரு பல் வைத்தியரின் சுயசரிதை எல்லாம் எழுதினார். சீரியலுக்கு வேறு யாரும் கூப்பிடவில்லை. புதன் இரவானால் முகம் வெளுத்துவிடும். வியாழக்கிழமை மாலை, எபிசோடு முடிகிற இடத்தில் யாராவது கதவைத் தட்டவேண்டும், அல்லது ரயில் கிளம்பவேண்டும், அல்லது ஒருத்தி "உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்" என்று வாயெடுக்கவேண்டும். மெக்சிகோக்காரி முன்னூறு எபிசோடு கர்ப்பமாக இருந்தது இப்போதுதான் எனக்குப் புரிந்தது.

ஹாஜி வெள்ளிக்கிழமைகளில் ஒரு பாட்டில் கரும்புச்சாறு கொண்டுவருவார்.

"எவ்வளவு நாள் இழுப்பீங்க உஸ்தாத்?"

"அவன் கேக்கற வரைக்கும் ஹாஜி."

"இப்ப சாப்பிடுதான். பாதிதான். ஆனா பையைக் கீழ வைக்க மாட்டேங்கான். தூங்கும்போதும் தலைமாட்டுல."

அப்பா பாட்டிலின் மூடியைத் திருகிக்கொண்டே இருந்தார். திறக்கவில்லை.

போன வியாழன் ஃபவ்வாஸ் வழக்கம்போல உட்காரவில்லை. நின்றுகொண்டே கேட்டான். அப்பா வாசித்தார். கதையில் அந்தப் பையன் துப்பாக்கியைக் கடையில், கரும்புக்கட்டுக்குக் கீழே ஒளித்துவைக்கிறான். பெரியவர் கட்டைத் தூக்க வருகிறார்.

"அங்க இல்ல" என்றான் ஃபவ்வாஸ்.

அப்பா வாசிப்பதை நிறுத்தினார். தெருவில் ஒரு மைக்ரோபஸ் பையன் "ஹரம், ஹரம்" என்று போகிற இடத்தைக் கத்திக்கொண்டு போனான். நான் அடுப்படி வாசலில் தேநீர்த் தட்டோடு நின்றேன்.

"அப்ப எங்க இருக்குன்னு வைக்கலாம்?" என்று கேட்டார் அப்பா. வசனம் திருத்துகிற குரல்தான். ஆனால் பேனா தாளைத் தொடவில்லை. "நான் தப்பா எழுதியிருந்தா திருத்தணும்ல?"

"இங்க" என்றான் அவன். பையைக் காட்டவில்லை. பிடி மட்டும் இறுகியது.

"சரி. 'இங்க'ன்னு போடறேன்." அப்பா அடித்துவிட்டு எழுதினார். "எதிர்ல ஒரு வயசான ஆள். எழுத்தாளன்னு வச்சுக்கலாம். அடுப்படி வாசல்ல அவர் பொண்ணு. வாயாடி. கையில தேத்தண்ணி. இவன் பையோட நிக்கறான். இப்ப அதை எடுத்து மேசையில வைக்கறான்னு எழுதட்டுமா?"

ஃபவ்வாஸ் என்னைப் பார்த்தான், அப்பாவைப் பார்த்தான், தாளைப் பார்த்தான். நான் வேடிக்கையாக ஏதாவது சொல்லியிருக்கவேண்டும். தேநீர்த் தட்டைத் தரையில் வைத்தேன்.

"எழுதுங்க" என்றான்.

துணியைப் பிரிக்கிற சத்தம் கேட்டது. பிறகு மரத்தின் மேல் கனமாக ஒன்று வைக்கப்பட்டது. நான் நினைத்ததைவிடச் சின்னதாக, பழையதாக, நாட்டுப் பட்டறையில் அடித்ததுபோல் கோணலாக இருந்தது. அப்பா அதைத் தொடவில்லை. தாளை மட்டும் நகர்த்தி அதன் மேல் போர்த்திவிட்டு, என்னிடம் திரும்பாமலே சொன்னார்: "ஹாஜிக்கு ஃபோன் போடு. மெதுவாப் பேசு."

நான் எண்ணை அழுத்தினேன். மணி அடித்துக்கொண்டே இருந்தது. என் முதுகுக்குப் பின்னால் நாற்காலி நகர்ந்தது. அவன் உட்கார்ந்திருக்கவேண்டும்.

"அப்புறம் என்ன நடக்குது?" என்று கேட்டான்.

"தெரியலப்பா" என்றார் அப்பா. அவருடைய பேனா மேசையில் அவன் பக்கமாக உருளும் சத்தம் கேட்டது. "நீ சொல்லு."